முகமூடிக்குள் இருந்தது யார்? ஃபுஜியோகா ஹிரோஷியின் ஐம்பது ஆண்டுகள்

கேட்கப்பட்ட கேள்வி இது: “ஜப்பானிய முகமூடி ஹீரோ படங்களில் ஹீரோ மாறிய பிறகு நடிகரின் முகமே தெரிவதில்லை. சண்டை போடுவது ஸ்டண்ட் ஆட்கள். சில நேரம் குரல்கூட வேறு ஒருவருடையது. அப்படியானால் அந்தக் கதாநாயக நடிகருக்கு அங்கே என்ன வேலை? அப்படி ஒரு வேடம் போட்டவருக்கு அப்புறம் வேறு படம் கிடைக்குமா? ஒரு நடிகரை எடுத்துக்கொண்டு விளக்க முடியுமா?”

ஒருவரைத்தான் எடுக்க வேண்டும் என்றால் நான் ஃபுஜியோகா ஹிரோஷியை எடுப்பேன். 1971-இல் முதல் காமென் ரைடராக நடித்தவர். ‘காமென்’ என்றால் முகமூடி. முகமூடி அணிந்த பைக் வீரன் என்று பொருள் கொள்ளலாம். அவரைத் தேர்ந்தெடுப்பதற்குப் புகழ் மட்டும் காரணம் இல்லை. இன்று நீங்கள் பார்க்கும் அந்த வேலைப் பிரிவினை இருக்கிறதே, முகத்துக்கு ஒருவர், உடைக்குள் ஒருவர் என்று, அது காமென் ரைடரில் தொடக்கத்தில் கிடையாது. முதல் சில வாரங்கள் முகமும் அவர்தான், முகமூடிக்குள்ளும் பெரும்பாலும் அவர்தான். ஒரு விபத்தில் அவருடைய தொடை எலும்பு முறிந்தது. அதிலிருந்துதான் எல்லாம் மாறியது. அவருடைய வாழ்க்கை மட்டுமல்ல, அந்த வகைப் படங்களின் வடிவமும் மாறியது.

கொஞ்சம் பின்னணி சொல்லிவிடுகிறேன். இந்த வகையை ஜப்பானியர் ‘டோக்குசாட்சு’ என்பார்கள். சிறப்புப் படப்பிடிப்பு என்பதன் சுருக்கம். 1954-இல் வந்த காட்ஸில்லா இதில் பெரிய தொடக்கம். ரப்பர் உடைக்குள் ஓர் ஆள், அவரைச் சுற்றிச் சிறிய அளவில் கட்டிய ஒரு நகரம். 1966-இல் அல்ட்ராமேன் டிவிக்கு வந்தது. அதில் ஹீரோ மாறியதும் நாற்பது மீட்டர் உயரத்துக்கு வளர்ந்துவிடுவான். மனித உருவத்தில் நடித்தவர் குரோபே சுசுமு. உடைக்குள் இருந்தவர் ஃபுருயா பின். அங்கே பிரிவினை இயல்பாகவே வந்தது, ஏனென்றால் மாறியவன் மனிதனைப் போலவே இல்லை. காமென் ரைடரின் கதை வேறு. அவன் மாறினாலும் மனித உயரம்தான். மனிதனைப் போல நடப்பான், பைக் ஓட்டுவான், குத்துவான், உதைப்பான். எனவே நடிகரே உடையை மாட்டிக்கொண்டு செய்யலாமே என்ற எண்ணம் வந்ததில் வியப்பில்லை. (பவர் ரேஞ்சர்ஸ் பார்த்து வளர்ந்தவர்களுக்கு ஒரு குறிப்பு: அதன் சண்டைக் காட்சிகளில் பெரும்பகுதி 1975-இல் தொடங்கிய சூப்பர் சென்டாய் என்ற ஜப்பானியத் தொடர் வரிசையிலிருந்து எடுக்கப்பட்டது. காமென் ரைடரை எடுத்த அதே டோயே நிறுவனத்தின் தயாரிப்பு அது.)

ஃபுஜியோகா 1946 பிப்ரவரி 19 அன்று ஷிகோகு தீவில் எஹிமே மாகாணத்தில் பிறந்தார். வளர்ந்தது மத்சுயாமாவில். அப்பா போலீஸ்காரர், தற்காப்புக் கலைகள் தெரிந்தவர். மகனுக்கும் சின்ன வயதிலிருந்தே பயிற்சி கொடுத்தார். பள்ளி முடிந்ததும் நடிகனாக வேண்டும் என்று தோக்கியோவுக்கு வந்தார். 1965-இல் ஷோசிகு திரைப்பட நிறுவனத்தில் சேர்ந்தார். ஷோசிகு குடும்பக் கதைகளுக்கும் காதல் கதைகளுக்கும் பேர்போன இடம். வாளும் ஜூடோவும் கைவந்த, கட்டுமஸ்தான ஓர் இளைஞனுக்கு அங்கே பொருத்தமான வேடங்கள் அதிகம் இல்லை. ஐந்தாறு ஆண்டுகள் சின்னச் சின்ன வேடங்களில் போயின.

1971-இல் டோயேயும் ஒசாகாவின் மைனிச்சி ஒளிபரப்பு நிறுவனமும் சேர்ந்து ஒரு புதிய தொடரைத் திட்டமிட்டன. தயாரிப்பாளர் ஹிராயாமா தோரு, உருவத்தையும் கதையையும் படைத்தவர் மங்கா (ஜப்பானியக் காமிக்ஸ்) ஓவியர் இஷினோமோரி ஷோதாரோ. முதலில் மண்டையோட்டு முகத்தோடு ஒரு ஹீரோ என்றுதான் யோசித்தார்கள். குழந்தைகள் பார்க்கும் நிகழ்ச்சிக்கு அது ஒத்துவராது என்று தோன்றவே இஷினோமோரி வெட்டுக்கிளி முகத்துக்கு வந்தார். கூர்ந்து பார்த்தால் அந்தப் பெரிய சிவப்புக் கண்களிலும் தாடையிலும் மண்டையோட்டின் சாயல் இன்னும் இருக்கும். கதை இது: ஹொங்கோ தாகேஷி என்ற கல்லூரி மாணவனை, அவன் பைக் பந்தய வீரனும்கூட, ஷாக்கர் என்ற ரகசியக் கும்பல் கடத்திக்கொண்டு போய் உடலை மாற்றி வெட்டுக்கிளி மனிதனாக ஆக்கிவிடுகிறது. மூளையை மாற்றுவதற்கு முன்னால் அவன் தப்பிவிடுகிறான். அவனை அப்படி ஆக்கியவர்களின் அறிவியலை வைத்தே அவர்களை எதிர்க்கிறான். குழந்தைகளுக்கான தொடர் என்றாலும் அடியில் ஒரு சோகம் ஓடுகிறது. இவன் இனி ஒருபோதும் சாதாரண மனிதனாக முடியாது. முதல் எபிசோடுகளில் ஃபுஜியோகாவின் முகத்தில் அந்தச் சோகம் இருக்கிறது. அதை அவர் தணித்துக் காட்டவே இல்லை.

படப்பிடிப்பு நடந்த இடம் கவாசாகி நகரில் உள்ள இகுதா என்ற சிறிய ஸ்டுடியோ. டோயேயின் பெரிய ஸ்டுடியோவில் அப்போது தொழிற்சங்கப் பிரச்சினை. அதனால் தனியாக ஓர் இடம் பிடித்து, குறைந்த பணத்தில், குறைந்த வசதியில் எடுத்தார்கள். சண்டைக்கு வந்தவர்கள் ஓனோ கென்யூகாய் என்ற குழுவினர். சாமுராய் படங்களில் வாள்சண்டை செய்து பழகியவர்கள். காமென் ரைடரின் சண்டைகளில் எதிரிகள் வட்டமாகச் சூழ்வதும், ஒருவர் பின் ஒருவராகப் பாய்வதும், அடிபட்டதும் ஒரு கணம் நின்று விழுவதும் வாள்சண்டைப் படங்களின் பழக்கம்தான். டிராம்போலின் மீது குதித்து எடுத்த துள்ளல்கள் அதோடு சேர்ந்தன.

அந்த முகமூடியைப் பற்றியும் சொல்ல வேண்டும். அது பைபர் பிளாஸ்டிக்கில் செய்த ஹெல்மெட். தாடைப் பகுதி தனித் துண்டு. உள்ளே இருப்பவர் அந்தப் பெரிய கண்கள் வழியாகப் பார்ப்பதில்லை. கண்களுக்குக் கீழே உள்ள கருப்புப் பட்டையில் இருக்கும் சின்னத் துளைகள் வழியாகத்தான் பார்க்க வேண்டும். பக்கத்தில் என்ன இருக்கிறது என்று தெரியாது. மூச்சு முட்டும். அதை மாட்டிக்கொண்டு பைக் ஓட்டுவது, கல்லும் மண்ணும் நிறைந்த இடத்தில் புரள்வது. மிக ஆபத்தானவற்றுக்குக் கென்யூகாய் ஆட்கள் வந்தார்கள் என்றாலும் மற்றதையெல்லாம் ஃபுஜியோகா டூப் போடாமல் செய்தார். தொடக்கப் பாடலையும் அவரேதான் பாடினார். முகம், உடல், குரல், பாட்டு எல்லாம் ஒரே ஆள்.

அந்த முதல் பத்து எபிசோடுகளை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். பிற்காலத்து ரைடர்கள் இதைவிட அழகாகச் சண்டை போடுவார்கள். அதில் சந்தேகம் இல்லை. ஆனால் இவற்றில் ஒன்று உண்டு: ஹொங்கோ மனிதனாக நடக்கும் நடையும், முகமூடி போட்ட பிறகு நடக்கும் நடையும் ஒன்று. தோள் கொஞ்சம் முன்னே சாய்ந்திருக்கும். அடுத்த அடியை எடுத்து வைப்பதற்கு முன் ஒரு நொடி நின்று பார்ப்பது போல இருக்கும். முகமே தெரியாவிட்டாலும் இது அவன்தான் என்று மனம் நம்பிவிடுகிறது. முகமூடிக்குள் நடிப்பதற்கு என்ன இருக்கிறது என்று கேட்டீர்களே, நான் சொல்லும் பதில் இந்த நடைதான்.

சரி, விபத்து. ஒன்பதாவது, பத்தாவது எபிசோடுகளின் படப்பிடிப்பில் பைக் காட்சி எடுக்கும்போது ஃபுஜியோகா தூக்கி எறியப்பட்டார். தொடை எலும்பு மோசமாக முறிந்தது. பல மாதங்கள் எழுந்து நடக்க முடியாத நிலை. வாரம் ஒரு எபிசோட் என்று ஓடவேண்டிய ஒரு புதிய தொடர், தன் ஹீரோவைத் தொடக்கத்திலேயே இழந்துவிட்டது.

என்ன செய்வது என்று பேசியபோது, ஹொங்கோ சண்டையில் இறந்துவிட்டதாகக் காட்டிவிட்டு வேறு ஒருவனைக் கொண்டுவரலாம் என்ற யோசனையும் வந்தது. ஹிராயாமா ஏற்கவில்லை. குழந்தைகள் நம்பிய ஒரு ஹீரோவைச் சாகடிக்கக் கூடாது என்பது அவருடைய நிலை. ஹொங்கோவை உயிரோடு வைக்க வேண்டும், ஆனால் நடிகர் மருத்துவமனையில். அதனால் ஒட்டுப்போட்டார்கள். ஏற்கெனவே எடுத்து வைத்திருந்த காட்சிகளிலிருந்து ஃபுஜியோகாவின் முகத்தை எடுத்துச் சேர்த்தார்கள். முகமூடிக்குள் கென்யூகாய் ஆட்கள் இறங்கினார்கள். ஹொங்கோவுக்கு நாயா ரோகுரோ என்ற டப்பிங் கலைஞர் குரல் கொடுத்தார். இவருடைய அண்ணன் நாயா கோரோதான் அதே தொடரில் ஷாக்கர் தலைவனின் குரல். அந்தச் சில வாரங்கள் ஹீரோவின் குரலும் வில்லனின் குரலும் ஒரே வீட்டுக்காரர்களுடையவை. ஹொங்கோவின் சுமையைப் பகிர்ந்துகொள்ள தாகி கசுயா என்ற எஃப்.பி.ஐ. அதிகாரி பாத்திரத்தைப் பதினோராவது எபிசோடில் கொண்டுவந்தார்கள். நடித்தவர் சிபா ஜிரோ, சண்டைப் படங்களில் பெயர்பெற்ற சன்னி சிபாவின் தம்பி. மாற்று ஏற்பாடாக வந்த அந்தப் பாத்திரம் கடைசிவரை தொடரில் இருந்தது.

அப்புறம் 1971 ஜூலை 3 அன்று பதினான்காவது எபிசோட். ஹொங்கோ ஷாக்கரை எதிர்க்க ஐரோப்பாவுக்குப் போய்விட்டான் என்று சொல்லிவிட்டு, இச்சிமோஞ்சி ஹயாதோ என்ற புகைப்படக்காரனை இரண்டாவது ரைடராகக் கொண்டுவந்தார்கள். நடித்தவர் சசாகி தாகேஷி. இவரும் ஃபுஜியோகாவும் ஒரே நாடகக் குழுவில் ஒன்றாகப் பயிற்சி பெற்றவர்கள். நண்பன் அடிபட்டுக் கிடக்கும்போது அவன் இடத்தில் போய் நிற்பதற்கு சசாகி தயங்கினார். ஃபுஜியோகா குணமாகி வரும்வரைதான் என்ற நிபந்தனையோடு ஒத்துக்கொண்டார்.

இங்கே இன்னொரு சிக்கல். முதல் ரைடர் எப்படி மாறுவான் தெரியுமா? பைக்கில் வேகமாகப் போவான், எதிர்க்காற்று இடுப்புப் பட்டையில் உள்ள காற்றாடியைச் சுழற்றும், அந்தச் சக்தியில் உருமாறுவான். சசாகிக்கு அப்போது பைக் ஓட்ட உரிமம் இல்லை. அதனால் நின்ற இடத்திலேயே மாறுவதற்கு ஒரு வழி தேவைப்பட்டது. இரு கைகளையும் ஒரு பக்கமாக நீட்டி, மேலே சுழற்றிக் கொண்டுவந்து, “ஹென்ஷின்!” என்று கத்திவிட்டுக் குதிப்பது. உருமாற்றம் என்று அதற்கு அர்த்தம். ஓர் உரிமம் இல்லாத குறையைச் சமாளிக்கச் செய்த இந்த ஏற்பாடு ஜப்பான் முழுக்கப் பரவியது. பைக்கில் போய்க் காற்று வாங்குவதை ஒரு சின்னப் பையன் வீட்டில் செய்துபார்க்க முடியாது. கையைச் சுழற்றிக் கத்தி, படிக்கட்டிலிருந்து குதிக்க முடியும். எல்லாப் பையன்களும் அதைச் செய்தார்கள். அடுத்த சில ஆண்டுகளில் உருமாறும் ஹீரோக்கள் டிவியில் வரிசைகட்டி வந்தார்கள். இரவுக் காட்சிகளில் கருத்த உடை தெரியவில்லை என்பதால் உடையும் இந்தக் காலத்தில் வெளிர் கோடுகளோடு பளிச்சென்று மாறியது. போப்பி என்ற நிறுவனம் ஒளிர்ந்து சுழலும் பெல்ட்டை விற்றது. கால்பி நிறுவனம் 20 யென்னுக்கு ஒரு நொறுக்குத்தீனிப் பொட்டலமும் கூடவே ரைடர் படம் போட்ட அட்டையும் கொடுத்தது. பிள்ளைகள் அட்டையை எடுத்துக்கொண்டு தீனியை எறிந்துவிடுகிறார்கள் என்று அதுவே நாட்டில் ஒரு பெரிய பேச்சானது.

இந்த அலை எழுந்தபோது ஃபுஜியோகா நடக்கப் பழகிக்கொண்டிருந்தார். தான் தொடங்கிய ஒன்று தான் இல்லாமல் பெரிதாகி நிற்கிறது. ஒரு நடிகனுக்கு இதைவிடக் கடினமான இடம் இருக்குமா என்று எனக்குத் தெரியவில்லை. அவர் பாடிய தொடக்கப் பாடலைக்கூட வேறு பாடகரின் குரலில் மாற்றியிருந்தார்கள்.

1972 ஜனவரி 1, நாற்பதாவது எபிசோட். ஹொங்கோ திரும்பி வருகிறான். முதல் ரைடரும் இரண்டாம் ரைடரும் தோளோடு தோள் நிற்கிறார்கள். அடுத்த வாரம் ககோஷிமாவில், புகை கக்கும் சகுராஜிமா எரிமலைப் பக்கத்தில் இருவரும் சேர்ந்து சண்டை. விபத்து மட்டும் நடக்காமல் இருந்திருந்தால் இரண்டு ரைடர்கள் என்ற எண்ணமே வந்திருக்காது. இன்றைக்கும் வந்துகொண்டிருக்கும் அந்த நீண்ட ரைடர் வரிசை, பல தலைமுறை ரைடர்கள் ஒரே திரையில் கூடும் திரைப்படங்கள், எல்லாவற்றுக்கும் வித்து இந்தப் புத்தாண்டு எபிசோட்தான். 1972 ஏப்ரல் 1 முதல் ஃபுஜியோகா நிரந்தரமாகத் திரும்பினார். சசாகி சொன்னபடியே இடத்தை விட்டுக்கொடுத்து விலகினார். அவ்வளவு புகழ் வந்த பிறகும் அப்படி விலகியதை நான் பெரிதாக மதிக்கிறேன். தொடர் 98 எபிசோடுகள் ஓடி 1973 பிப்ரவரி 10 அன்று முடிந்தது.

திரும்பி வந்த ஃபுஜியோகாவுக்கும் இப்போது கையைச் சுழற்றும் உருமாற்றம் இருந்தது. ஆனால் முகமூடிக்குள் பெரும்பாலும் அவர் இல்லை. ஹீரோ நடிகருக்கு அடிபட்டால் நிகழ்ச்சியே நின்றுவிடும் என்பதை எல்லோரும் பார்த்துவிட்டார்களே. உடைக்குள் நடிப்பது தனித் தொழிலானது. அடுத்த தொடரான வி3-இல் மியாவுச்சி ஹிரோஷி முகம், உடைக்குள் கென்யூகாயின் நகயாஷிகி தெத்சுயா. பின்னால் 2000-களில் தகாய்வா செய்ஜி என்ற ஒருவர், 2001-இன் அகிதோ தொடங்கி 2019-இல் முடிந்த ஜியோ வரை ஏறக்குறைய எல்லா நாயக ரைடர்களுக்கும் உடலாக இருந்தார். இன்று முக நடிகரும் உடை நடிகரும் உட்கார்ந்து பேசி, எப்படி நிற்பது, எப்படிக் கையை வைப்பது என்று முடிவு செய்கிறார்கள். முகமூடியின் தலை இப்படிச் சாய்ந்தால் சோகம், அப்படி நிமிர்ந்தால் உறுதி என்று ஒரு மொழியே உருவாகிவிட்டது. இரண்டு பேர் சேர்ந்து ஓர் ஆளை நடிப்பது அது. ஆகவே முக நடிகருக்கு வேலை இல்லை என்று நினைக்க வேண்டாம். உடைக்குள் இருப்பவர் பின்பற்றுவதற்கு ஒரு மனிதனைக் கொடுப்பது அவர்தான்.

கேள்வியின் இரண்டாம் பாதிக்கு வருவோம். அந்த வேடத்துக்குப் பிறகு என்ன ஆனது?

ஃபுஜியோகாவுக்கு அடுத்த கதவு உடனே திறந்தது. 1973 டிசம்பர் இறுதியில் டோஹோ திரைப்பட நிறுவனத்தின் ‘ஜப்பான் மூழ்குகிறது’ வந்தது. நில அதிர்வுகளாலும் எரிமலைகளாலும் நாடே கடலுக்குள் போகும் கதை. ஆழ்கடல் கலத்தை ஓட்டும் ஒனோதேரா என்ற நாயக வேடம் இவருக்கு. இதுவும் டோக்குசாட்சுதான்; நகானோ தெருயோஷியின் சிறப்புக் காட்சிகள். ஆனால் முகமூடி இல்லை. தம்பா தெத்சுரோ, கோபயாஷி கெய்ஜு போன்ற பெரிய நடிகர்களோடு நின்று நடித்தார். படம் பெரிய வெற்றி. என் கணிப்பில் அவர் இளம் வயதில் செய்ததில் நல்ல நடிப்பு இதுதான். கடலடியில் தரை பிளந்திருப்பதை முதலில் பார்க்கும் ஆள் அவர். அந்தக் காட்சியில் அவர் அதிகம் பேசுவதில்லை. தொடர்ந்து 1974-இல் ‘எஸ்பை’, 1975-இல் ‘தோக்கியோ விரிகுடா எரிகிறது’ என்று டோஹோவின் சிறப்புக் காட்சிப் படங்களில் நாயகன். நடுவில் 1974-இல் ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்.எச்.கே.யின் ஆண்டு முழுக்க ஓடும் வரலாற்றுத் தொடரில், பத்தொன்பதாம் நூற்றாண்டில் ஆட்சி மாற்றத்துக்குப் பாடுபட்ட சாமுராய் சகாமோத்தோ ரியோமாவாக நடித்தார். ஜப்பானியர் மனதில் ரியோமாவுக்கு உள்ள இடம் தெரிந்தவர்களுக்கு இது எவ்வளவு பெரிய வேடம் என்று புரியும். குழந்தைகள் தொடரில் நடித்தவர் என்று யாரும் ஒதுக்கிவிடவில்லை. 1977-இல் தொடங்கிய ‘தொகுசோ சைஸென்சென்’ என்ற துப்பறியும் தொடரில் சகுராய் என்ற முறைப்பான அதிகாரியாக ஆண்டுக்கணக்கில் வந்தார். அதுவும் டோயேயின் தயாரிப்பே.

இடையில் 1975 டிசம்பர் 27. ரைடர் வரிசையின் ஐந்தாவது தொடரான ஸ்ட்ராங்கரின் கடைசி எபிசோட். ஏழு ரைடர்களாக நடித்தவர்களும் நேரில் வந்து முகம் காட்டினார்கள். ரியோமாவாக நடித்து முடித்திருந்த ஃபுஜியோகாவும் வந்தார். சினிமாவில் மேலே போனதும் பழைய வேடத்தை மறைக்கப் பார்ப்பவர்கள் எந்த நாட்டிலும் உண்டு. இவர் அப்படிச் செய்யவில்லை என்பதற்கு இது முதல் சான்று.

1984-இல் அமெரிக்காவில் எடுத்த ஒரு படத்தில் நாயகனாக நடித்தார். பதினாறாம் நூற்றாண்டு சாமுராய் ஒருவன் பனியில் உறைந்து, நானூறு ஆண்டு கழித்து லாஸ் ஏஞ்சலஸில் கண் விழிக்கும் கதை. சின்னப் படம்தான். ஆனால் வாள் எடுப்பதிலும் உறையிலிடுவதிலும் நடிப்பு இல்லை. அப்பா கற்றுக்கொடுத்தது அது. அந்த ஆண்டிலேயே தன் பெயரை மாற்றிக்கொண்டார். பெரிய மாற்றம் இல்லை, பெயருக்குப் பின்னால் ஒரு காற்புள்ளி சேர்த்தார். ‘ஃபுஜியோகா ஹிரோஷி,’ என்று காற்புள்ளியோடுதான் இன்றுவரை திரையில் பெயர் வருகிறது. நின்று தன்னைத் திரும்பிப் பார்க்க வேண்டும், நான் இன்னும் முழுமையாகவில்லை என்பது அவர் சொல்லும் காரணம். ஜப்பானிய செய்தித்தாள்களில் அவர் பெயர் வரும் வாக்கியங்களைப் படிக்கும்போது நடுவில் ஒரு காற்புள்ளி வந்து நம்மை நிறுத்தும். எனக்கு அது பிடிக்கும்.

இளைய தலைமுறைக்கு அவரைத் திரும்ப அறிமுகப்படுத்தியது ஒரு விளம்பரம். 1997-இல் சேகா நிறுவனம் தன் சேட்டர்ன் வீடியோ கேம் கருவிக்காக ‘செகாதா சன்ஷிரோ’ என்ற பாத்திரத்தை உருவாக்கியது. இயக்குநர் குரோசாவாவின் முதல் படத்தில் வரும் ஜூடோ வீரன் சுகாதா சன்ஷிரோவின் பெயரைக் கொஞ்சம் மாற்றிப் போட்டது. வெள்ளை ஜூடோ உடையில் ஃபுஜியோகா வருவார். கேம் விளையாடாமல் வேறு பொழுதுபோக்கில் இருக்கும் இளைஞர்களைத் தூக்கி எறிவார். மலைமேல் பெரிய சேட்டர்ன் கருவியை முதுகில் கட்டிக்கொண்டு பயிற்சி செய்வார். “சேகா சேட்டர்ன், ஷிரோ!” என்பார். ‘ஷிரோ’ என்றால் வெள்ளை, ‘செய்’ என்றும் பொருள். அப்போது விற்ற கருவியின் நிறமும் வெள்ளை. இந்த விளம்பரம் வேலை செய்ததற்கு ஒரே காரணம், அவர் அதைத் துளிகூட விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. ரியோமாவுக்குக் கொடுத்த அதே முழு மனதை இதற்கும் கொடுத்தார். கடைசி விளம்பரத்தில் சேகா கட்டடத்தை நோக்கி வரும் ஏவுகணையைப் பிடித்துத் திருப்பி, அதோடு விண்வெளிக்குப் போய்விடுவார். அந்தப் பதினைந்து, முப்பது நொடித் துண்டுகளைப் பார்த்து அழுதவர்கள் உண்டு என்றால் நம்புவேன்.

அப்புறம் ரைடர் திரும்ப வந்தான், முதலில் குரலாக. 2011-இல் நாற்பதாம் ஆண்டு நிறைவுப் படத்தில் ஃபுஜியோகா, சசாகி, மியாவுச்சி மூவரும் தங்கள் ரைடர்களுக்குக் குரல் கொடுத்தார்கள். 1971-இல் இவர் முகத்துக்கு வேறொருவர் குரல் கொடுத்தார். நாற்பது ஆண்டு கழித்து, உடைக்குள் இருந்த வேறொருவரின் உடலுக்கு இவர் குரல் கொடுத்தார். 2014-இல் இன்னொரு படத்தில் முகம் காட்டினார். 2016 மார்ச் 26 அன்று ‘காமென் ரைடர் 1’ வந்தது. அதில் அவர் நாயகன் மட்டும் அல்ல, திட்டமிட்டவர்களிலும் ஒருவர். வயது எழுபது. அதே ஆண்டு என்.எச்.கே.யின் ‘சனதா மாரு’ தொடரில் ஹோண்டா தாதகாத்சு என்ற தளபதியாகவும் நடித்துக்கொண்டிருந்தார்.

அந்தப் படத்தின் கதையமைப்பு எனக்கு நிறைவைத் தரவில்லை. வில்லன்கள் கூட்டம் அதிகம், நடுவில் தொய்வு. ஆனால் ஹொங்கோ திரும்பி வருவது யாருக்காக என்று பாருங்கள்: தாச்சிபானா தோபேயின் பேத்திக்காக. பழைய தொடரில் ஹொங்கோவுக்குத் தந்தை போல நின்ற தோபேயாக நடித்தவர் கோபயாஷி அகிஜி. அல்ட்ராமேனில் கேப்டனாக வந்தவரும் அவரே. 1996-இல் காலமாகிவிட்டார். இஷினோமோரி 1998-இல் போய்விட்டார். ஆகவே தோபேயின் பெயரை அந்த முதிய ஹொங்கோ சொல்லும்போது அது வசனமாக மட்டும் இல்லை. அவர் முகத்தில் உள்ள சுருக்கங்களும் கனத்துப்போன உடம்பும் அங்கே எதையும் கெடுக்கவில்லை. ரைடரின் உடையையும் அதற்கேற்பப் பருமனாக, பாறை போல மாற்றி வடிவமைத்திருந்தார்கள். அதைப் புத்திசாலித்தனமான முடிவு என்பேன். இருபத்தைந்து வயதுக்காரனின் மெல்லிய இடுப்பை எழுபது வயதுக்காரனின் முகத்தோடு ஒட்டியிருந்தால் யாரும் நம்பியிருக்க மாட்டார்கள்.

அந்த வேடம் இப்போது வீட்டுக்குள்ளேயே அடுத்த தலைமுறைக்கும் போயிருக்கிறது. அவர் மகன் மைதோ, சேகாவின் அறுபதாம் ஆண்டு விளம்பரங்களில் ‘சேகா ஷிரோ’வாக வந்தார். 2021 டிசம்பரில், ரைடரின் ஐம்பதாம் ஆண்டுப் படத்தில் இளம் ஹொங்கோ தாகேஷியாக நடித்தார். முகச்சாயல் பார்த்துத் திடுக்கிட்டேன்.

ஆக, அந்த வேடம் அவரை முடக்கியதா என்றால், இல்லை. ஆனால் இதை எல்லோருக்கும் பொதுவான விதியாக எடுத்துக்கொள்ள வேண்டாம். மியாவுச்சி ஹிரோஷி வி3 ஆனபின் ஹீரோ வேடங்களையே தன் பாதையாக ஏற்று, சூப்பர் சென்டாய் வரிசையின் முதல் தொடரான கோரேஞ்சரில் நீல வீரன் என்று அடுத்தடுத்துப் போனார். அதில் அவருக்குப் பெருமையும் இருந்தது. வேறு பலர் ஓராண்டு ஹீரோவாக இருந்துவிட்டு மறைந்துபோனார்கள். ஃபுஜியோகாவுக்கு வாள் பயிற்சி இருந்தது, விபத்துக்குப் பிறகும் திரும்பி வருவதற்கான இடத்தை ஒரு தயாரிப்பாளரும் ஒரு நண்பரும் காத்து வைத்திருந்தார்கள். ஹிராயாமா அன்று வேறு மாதிரி முடிவெடுத்திருந்தால் நான் சொன்னதில் பாதி நடந்திருக்காது.

பார்க்கத் தொடங்க வேண்டும் என்றால் முதல் எபிசோடைப் பாருங்கள், பிறகு பதினான்கு, பிறகு நாற்பது. நேரம் இருந்தால் ‘ஜப்பான் மூழ்குகிறது’. முதல் எபிசோடுகளில் ரைடர் நமக்கு முதுகு காட்டி நிற்கும் இடங்களில் கொஞ்சம் கவனியுங்கள். அந்தக் காலத்து ஹெல்மெட் பிடரியை முழுதாக மூடாது. விளிம்புக்குக் கீழே கருமுடி தெரியும். பெரும்பாலும் அது ஃபுஜியோகாவின் முடிதான்.